நீத்தார் கடனும் இருப்பார் கடனும்

தமிழில் 'கடன்' என்னும் சொல் இருபொருள் தருவது. நாம் செய்தே தீரவேண்டிய கடமையும் கடன். நாம் திருப்பித் தரவேண்டிய பொருளும் கடன். இறந்தவர்க்கு ஆற்றும் இறுதிச் செயல்களை நம் முன்னோர் 'நீத்தார் கடன்' என்றனர். இல்வாழ்வான் பேணத்தக்க ஐவகையாரை எண்ணிய வள்ளுவப் பெருந்தகையும் தென்புலத்தாரையே முதலில் வைத்தார். முதற்பொருளில் கடன் ஆற்றப் புகுந்தவன் அதன் காரணமாகவே இரண்டாம் பொருளில் கடனாளி ஆவானாயின், அஃது அறமாகுமா? இறந்தவர்க்கு நாம் காட்டும் அன்பைச் செலவிட்ட பொருளைக் கொண்டு அளக்கலாகுமா? இவ்வினாக்கள் எந்நாட்டிற்கும் பொதுவானவை. ஆயினும் இன்று இவற்றை மிகக் கூர்மையாக எழுப்பும் நாடு பிரிட்டன் எனலாம்.

பிரிட்டனைப் பற்றி நாம் ஏன் கவலைகொள்ள வேண்டும் என்று சிலர் கேட்கலாம். பிழைப்பு நாடி ஊரை விட்டு இந்நகருக்கு வந்தவர்கள் நாம். நம் மக்களுள் சிலர் நம்மினும் தொலைவு சென்று இலண்டனிலும் பர்மிங்காமிலும் லெஸ்டரிலும் குடியமர்ந்துவிட்டனர். பேரக் குழந்தைகளைக் காணச் சென்ற முதியோருள் அங்கேயே கண்மூடியவரும் உண்டு. சில ஆண்டுகளுக்கு முன் நமக்கு அணுக்கமான குடும்பத்து மூதாட்டி ஒருவர் இலண்டனில் மகன் இல்லத்தில் காலமானார். இங்கே காலையில் உயிர் பிரிந்தால் மாலைக்குள் எல்லாம் முடிந்துவிடும். அங்கோ தகன நிலையத்தில் நேரம் கிடைப்பதற்குப் பதினாறு நாட்கள் காத்திருக்க வேண்டியதாயிற்று. அந்நாட்களில் ஒருநாள் அம்மகன் நம்மைத் தொலைபேசியில் அழைத்தார். ஈமப்பணி நிறுவனத்தார் தந்த விலைப்பட்டியல் அவர் கையில் இருந்தது. "மாமா, எந்தப் பெட்டியை எடுப்பது? விலை குறைந்ததை எடுத்தால் அம்மாவுக்குக் குறை வைத்ததாக ஆகாதா?" என்று கேட்டார். நமக்கு விடை தெரியவில்லை. "உன் மனத்துக்குப் பட்டதைச் செய் அப்பா" என்று சொல்லி நிறுத்திக்கொண்டோம். அவர் இரண்டுக்கும் நடுவில் இருந்ததை எடுத்தார். செலவு முழுவதையும் கடன் அட்டையில் எழுதினார். அது அடைபட ஓராண்டுக்கு மேலாயிற்று என்பதைப் பின்னரே அறிந்தோம். அன்று சொல்லத் தவறிய விடையைத் தேடும் முயற்சியே இக்கட்டுரை.

விலை வளர்ந்த வரலாறு

பிரிட்டனில் சன்லைஃப் என்னும் காப்பீட்டு நிறுவனம் ஈமச் செலவைப் பற்றி ஆண்டுதோறும் ஒரு கணக்கு வெளியிடுகின்றது. அதன்படி, எளிய முறையில் நிகழும் ஓர் இறுதிச் சடங்கிற்கு 2004-இல் சராசரியாக 1,835 பவுன் செலவாயிற்று. 2024-இல் அது 4,285 பவுன். மலர், விருந்து, கல்லறைக் கல் முதலியன இதில் அடங்கா. அடக்கம் செய்வோர்க்குச் செலவு இன்னும் கூடுதல்.

அந்நாட்டின் போட்டி மற்றும் சந்தைகள் ஆணையம் 2018-இல் இத்தொழிலை ஆராயத் தொடங்கி 2020 திசம்பரில் இறுதி அறிக்கை அளித்தது. இறுதிச் சடங்கின் இன்றியமையாத கூறுகளுக்கான செலவு பதினான்கு ஆண்டுகளாக ஆண்டுக்கு 6 விழுக்காடு வீதம் உயர்ந்ததென்றும், இது பொதுவான விலை உயர்வைப்போல் இருமடங்கு என்றும் ஆணையம் கண்டது. மிகக் குறைந்த வருவாயுடைய குடும்பத்திற்கு ஒரு சாவுச் செலவு, ஓராண்டுச் செலவில் ஏறத்தாழ ஐந்தில் இரண்டு பங்காகும் என்றும் அது கூறிற்று.

இவ்வாறு விலை ஏறக் காரணம் யாது? காய்கறி வாங்குவோர் நான்கு கடை ஏறி இறங்குவர். துயரில் ஆழ்ந்தவர் அவ்வாறு செய்வதில்லை. முதலில் நினைவுக்கு வந்த நிறுவனத்தையோ, அண்டை வீட்டார் சொன்ன நிறுவனத்தையோ அழைக்கின்றனர். உடல் அங்கே சென்றுவிட்டபின் மாற்ற மனம் வருவதில்லை. விலையை ஒப்பிடுவதும் பேரம் பேசுவதும் இறந்தவரை இழிவுபடுத்துவதாகவே தோன்றுகின்றன. தகன நிலையங்களோ ஊருக்கு ஒன்றாக இருப்பதால் அங்கும் தேர்வுக்கு இடமில்லை. வாங்குவோன் விழிப்போடு இருப்பான் என்னும் எண்ணத்தின்மேல் எழுந்ததே சந்தை. அழுதுகொண்டிருப்பவன் விழிப்போடு இருத்தல் இயலுமா? இதனை உணர்ந்தே, ஒவ்வோர் ஈமப்பணி நிறுவனமும் ஒரே வடிவிலான விலைப்பட்டியலைத் தன் கடையிலும் இணையத் தளத்திலும் வெளிப்பட வைக்க வேண்டும் என்று ஆணையம் ஆணையிட்டது. 2021 செப்டம்பரிலிருந்து அது நடைமுறையில் உள்ளது. நம் உறவினர் கையில் இருந்ததும் அத்தகைய பட்டியலே. பட்டியல் விலையைச் சொல்லும். எது போதும் என்பதை அது சொல்லாது.

இழிவுக்கு அஞ்சிய ஏழைகள்

இதனை வெறும் ஆடம்பர மோகம் என்று ஒதுக்கிவிடுதல் பொருந்தாது. 1832-இல் பிரிட்டிசு நாடாளுமன்றம் உடற்கூற்றுச் சட்டத்தை இயற்றிற்று. ஏழையர் விடுதிகளில் இறந்து, உரிமை கொண்டாட எவரும் வாராத உடல்களை மருத்துவ மாணவர் அறுத்துப் பயிலக் கொடுக்கலாம் என்பது அதன் விளைவு. அன்று முதல், பிறர் செலவில் புதைக்கப்படுதல் என்பது ஏழைக்கு மரணத்தினும் கொடிய அச்சமாயிற்று. வாரம் ஒரு பென்னி இரண்டு பென்னி என்று அடக்கச் சங்கங்களில் சந்தா கட்டினர். உண்ணும் உணவைக் குறைத்தேனும் அச்சந்தாவைக் கட்டினர். ஏழைகளின் சேமிப்பு ஈமச் செலவில் கரைவதை எட்வின் சாட்விக் என்னும் சீர்திருத்தவாதி 1843-இல் விரிவான அறிக்கையாக எழுதினார். கறுப்புத் துணியையும் இறகு சூடிய குதிரைகளையும் வெறுத்த நாவலாசிரியர் சார்லசு டிக்கன்சு, தம் இறுதிச் சடங்கு எவ்வகை ஆரவாரமும் இன்றி நிகழ வேண்டும் என்று உயிலில் எழுதிவைத்து 1870-இல் மறைந்தார்.

செலவைக் குறைக்கும் வழியாகப் பின்னர்த் தகனம் வந்தது. 1884-இல் வேல்சு நாட்டு மருத்துவர் வில்லியம் பிரைசு இறந்த தம் குழந்தையின் உடலை எரிக்க முயன்று வழக்கில் சிக்கினார். எரித்தல் சட்டத்திற்கு மாறானதன்று என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மறு ஆண்டே வோக்கிங்கில் முதல் தகனம் நிகழ்ந்தது. 1902-இல் அதற்கெனத் தனிச் சட்டம் பிறந்தது. இன்று அந்நாட்டில் இறப்போருள் ஐவரில் நால்வர் எரியூட்டப்படுகின்றனர். நம் நாட்டவர்க்கும் இவ்வரலாற்றில் பங்குண்டு. முதல் உலகப்போரில் காயமுற்றுப் பிரைட்டன் மருத்துவமனைகளில் உயிர்நீத்த இந்து, சீக்கிய வீரர்கள் அந்நகருக்கு மேலுள்ள புல்வெளிக் குன்றில் எரியூட்டப்பட்டனர். அவ்விடத்தில் 1921-இல் திறக்கப்பட்ட 'சத்ரி' நினைவு மண்டபம் இன்றும் நிற்கின்றது. எளிமைக்கென வந்த அத்தகனமும் இன்று விலையேறியது. தகன நிலையக் கட்டணம் மட்டுமே பல இடங்களில் ஆயிரம் பவுனை ஒட்டி நிற்கின்றது.

தொழிலின் நியாயம்

ஈமப்பணியைத் தொழிலாகக் கொண்டோரைக் குறைகூறுவது எளிது. ஆயினும் அவர் பக்கத்து நியாயத்தையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். நள்ளிரவில் அழைத்தாலும் வருகின்றனர். உடலைக் குளிரறையில் காக்கின்றனர். வண்டி, ஆட்கள், பதிவுத்தாள்கள் ஆகியவற்றை அவர்களே பார்த்துக்கொள்கின்றனர். நாம் செய்யத் தயங்கும் பணியை நமக்காகச் செய்பவர்க்கு ஊதியம் தருவது முறையே.

இங்கே நம்மையும் நாம் ஒருமுறை நோக்கிக்கொள்ள வேண்டும். நம் ஊர்களில் சாவுச் செலவு குறைவு என்று பெருமை பேசுகின்றோம். அக்குறைவு எங்கிருந்து வந்தது? சுடுகாட்டில் இரவெல்லாம் கண்விழித்துச் சிதை காத்தவருக்கும், பறை கொட்டியவருக்கும், குழி வெட்டியவருக்கும் நாம் கொடுத்த கூலி எவ்வளவு? கொடுத்ததையும் கையில் கொடாமல் எட்ட நின்று போட்டோம். ஊருக்குள் அவர்களுக்கு இடமும் தரவில்லை. ஒருவனுடைய இழிவின்மேல் கட்டிய மலிவு எளிமை ஆகாது. ஆதலின் விலை கூடுதலா குறைவா என்பது மட்டும் அறத்தின் அளவுகோல் அன்று. உழைப்புக்கு உரிய கூலியைப் பெறுவது தொழில். துயரத்தின் ஆழத்தைப் பார்த்து விலை வைப்பது சுரண்டல். இவ்வேறுபாடே நம் அளவுகோலாதல் வேண்டும்.

இந்த அளவுகோலுக்கு ஒரு சான்று காட்டுவோம். தம் சாவு பிள்ளைகளுக்குச் சுமையாகலாகாது என்று எண்ணும் முதியோர் அந்நாட்டில் முன்கூட்டியே பணம் கட்டிவைப்பர். அவ்வாறு பணம் திரட்டிய ஒரு நிறுவனம் 2022 மார்ச்சில் வீழ்ந்தது. ஏறத்தாழ 46,000 பேர் அதனை நம்பியிருந்தனர். அவ்வாண்டு சூலை 29 முதல்தான் இவ்வணிகம் நிதி நடத்தை ஆணையத்தின் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. பிறர்க்குச் சுமையாகக் கூடாதென்ற முதியவரின் நாணத்தையும் விற்பனைப் பொருளாக்கிய பின்னரே சட்டம் விழித்தது என்பது வருந்தத்தக்கது.

எளிமையும் தனிமையும்

செலவுக்கு அஞ்சியோர்க்கு இப்போது ஒரு புதுவழி தோன்றியுள்ளது. உற்றார் வாராமல், சடங்கு எதுவும் இன்றி, நிறுவனத்தாரே உடலை எரியூட்டிச் சாம்பலை வீட்டிற்கு அனுப்பும் 'நேரடித் தகனம்' அது. செலவு ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கே. பெருந்தொற்றுக் காலத்திற்குப் பின் இம்முறை வேகமாகப் பரவி, இறுதிச் சடங்குகளுள் ஏறத்தாழ ஐந்தில் ஒன்று என்னும் நிலையை எட்டியுள்ளது.

இதனை நாம் எவ்வாறு மதிப்பிடுவது? இறப்பவரே தெளிந்த மனத்தோடு இதனை விரும்பி, குடும்பத்தார் பின்னொருநாள் கூடி அவரை நினைவுகூர்வாராயின் அதில் குறையொன்றும் இல்லை. கையில் பணமில்லாமையால் ஒரு மகள் தன் தாயைத் தனியே அனுப்ப நேர்ந்தால், அதனை எளிமை என்று அழைப்பது பொய். துறவி உண்ணாதிருப்பதும் ஏழை உண்ணாதிருப்பதும் ஒன்றாகா.

அங்கே அரசு ஏழைகளை முற்றிலும் கைவிட்டுவிடவில்லை. எவரும் முன்வாராதபோது உள்ளாட்சி மன்றமே அடக்கமோ தகனமோ செய்தல் வேண்டும் என 1984-ஆம் ஆண்டுப் பொதுச் சுகாதாரச் சட்டம் கூறுகின்றது. உதவித்தொகை பெறும் ஏழைக் குடும்பங்களுக்கு ஈமச் செலவுக்கும் உதவி உண்டு. ஆனால் அடிப்படைக் கட்டணங்கள் போக ஏனைய செலவுக்கென வரையறுத்த 700 பவுன், 2003 முதல் 2020 வரை ஒரு பவுனும் உயராமல் நின்றது. அதன் பின்னரே 1,000 ஆயிற்று. வேல்சு நாட்டு நாடாளுமன்ற உறுப்பினர் கரோலின் ஆரிசு, தம் எட்டு வயது மகனை 1989-இல் விபத்தில் இழந்தவர். அப்போது அடக்கச் செலவுக்குத் தாம் பட்ட பாட்டை அவர் அவையிலே எடுத்துரைத்துப் பல்லாண்டு போராடினார். அதன் பயனாகக் குழந்தைகளின் அடக்கத்திற்கும் தகனத்திற்கும் கட்டணம் வாங்கும் வழக்கம் முதலில் வேல்சிலும், 2019-இல் இங்கிலாந்திலும் ஒழிந்தது. ஒரு தாயின் துயர் சட்டமாக மாறிய இச்செய்தி, சமுதாயம் மனம் வைத்தால் இயலாதது இல்லை என்பதை உணர்த்துகின்றது.

நாம் சொல்ல வேண்டிய விடை

இறந்தவர்க்கு நாம் பட்ட கடன் யாது? நம் சிந்தனைக்கு எட்டியவரை அவை மூன்று. உடல் கேட்பாரற்றுக் கிடத்தலாகாது. அன்புடையோர் உடனிருந்து வழியனுப்புதல் வேண்டும். அவர் வாழ்ந்த வாழ்வு பொய்யின்றி நினைவுகூரப்படுதல் வேண்டும். இம்மூன்றனுள் எதுவும் பெட்டியின் மரத்தையோ வண்டிகளின் எண்ணிக்கையையோ சார்ந்ததன்று.

இருப்பவர்க்கும் நாம் கடன்பட்டுள்ளோம். இதனை நாம் பெரும்பாலும் மறந்துவிடுகின்றோம். அம்மகன் நடுவிலைப் பெட்டியை எடுத்தது கடைக்காரர் வற்புறுத்தியதால் அன்று. ஊரார் என்ன சொல்வாரோ என்ற அச்சத்தால். அந்த ஊரார் யார்? துக்கம் விசாரிக்கையில் எத்தனை வண்டி வந்தன, எத்தனை பேர்க்குச் சாப்பாடு என்று கேட்ட நாமே அல்லரோ! வணிகர் விலை வைப்பதற்கு முன்பே நம் நாக்கு விலை வைத்துவிடுகின்றது.

அன்று அடக்கச் சங்கம் அமைத்த பிரிட்டிசு ஏழைகள் ஓர் உண்மையை அறிந்திருந்தனர். சாவு ஒரு வீட்டில் நிகழினும் சுமையைப் பலர் தாங்க வேண்டும் என்பதே அது. நம் போன்ற தமிழ்ச் சங்கங்கள் முத்தமிழ் வளர்ப்பதோடு இப்பணியையும் மேற்கொள்ளலாம். சிறிய அளவிலேனும் ஒரு பொது நிதி திரட்டலாம். உறவினர் அருகில்லாத வீட்டிற்கு நால்வர் தோள்கொடுக்கச் செல்லலாம். முதியோராகிய நாமும் நம் விருப்பத்தை உயிரோடிருக்கும்போதே பிள்ளைகளிடம் தெளிவாகச் சொல்லிவைக்கலாம். "எனக்கு எளிய பெட்டி போதும்" என்று ஒரு தாய் சொல்லியிருப்பாளாயின், அவள் மகன் அன்று அவ்வாறு தவித்திருக்க வேண்டியதில்லை.

அன்று நம்மிடம் விடை இல்லை. இன்று அவர் மீண்டும் கேட்பாராயின் இவ்வாறு சொல்வோம்: "விலை குறைந்ததையே எடு அப்பா. உன் அம்மா உனக்குக் கடன் வைத்துப் போக நினைத்தவர் அல்லர். குறை வைத்ததாக எவரேனும் சொன்னால், மாமா சொன்னபடி செய்தேன் என்று சொல்." அவ்வொரு சொல்லை அன்றே சொல்லாமற்போனது நாம் அவருக்குப்பட்ட கடன். அதனை இனிவரும் வேறொரு பிள்ளைக்கேனும் நாம் செலுத்துதல் வேண்டும்.