பூட்டில்லாச் சிறை

சிறை என்றவுடன் மதிலும் பூட்டும் காவலரும் நம் நினைவுக்கு வருகின்றனர். விரும்பியபோது வெளியே சென்று திரும்பும் ஒருவரும் சிறைப்பட்டிருக்க இயலுமா? பெல்ஜிய நாட்டு இயக்குநர் சந்தால் அகெர்மான் 1975-இல் எடுத்த 'ழான் தீல்மன்' என்னும் சோதனைமுறைத் திரைப்படம் இவ்வினாவை எழுப்புகிறது. 2022-இல் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழுக்காக வாக்களித்த விமர்சகர்கள் இதற்கே முதலிடம் தந்தனர்.

பிரஸ்ஸல்ஸ் நகரில் மகனுடன் வாழும் கைம்பெண் ஒருத்தியின் மூன்று நாள்களே கதை. நீளமோ 201 நிமிடம். படத்தின் முழுப்பெயரே அவள் பெயரும் வீட்டு முகவரியுந்தான். அவள் சமைக்கிறாள், பாத்திரம் துலக்குகிறாள், கடைக்குச் செல்கிறாள், பிற்பகலில் ஆடவரை வரவேற்றுப் பொருளீட்டுகிறாள். காமிரா அசைவதில்லை. அவள் உருளைக்கிழங்கின் தோலைச் சீவும் நேரம் முழுவதும் நாமும் உடனிருக்க வேண்டும். அந்தச் சலிப்பின் வழியாகவே அவளது தனிமை நமக்குப் புலனாகிறது.

மகன் உண்ணும்போதும் புத்தகத்தில் ஆழ்கிறான். உடன்பிறந்தாளோ கனடாவில் இருக்கிறாள். கடிதம் மட்டும் வருகிறது. பேச்சுத்துணை அற்ற மனத்தை வேலையின் ஒழுங்கே தாங்கி நிற்கிறது. இரண்டாம் நாள் கிழங்கு குழைந்துவிடுகிறது. பாத்திரத்தை எங்கே வைப்பதென அறியாமல் அறைக்கு அறை அலைகிறாள். மூன்றாம் நாள் செய்வதற்கு ஏதுமற்ற நேரம் எஞ்சுகிறது; நாற்காலியில் வெறுமனே அமர்ந்திருக்கிறாள். அன்று வந்தவனைக் கத்தரிக்கோலால் கொன்றுவிடுகிறாள்.

அக்கொலையை நாம் நியாயப்படுத்த இயலாது. தனித்திருப்போர் அனைவரும் இவ்வாறு ஆவதுமில்லை. தாமே விரும்பி ஏற்கும் தனிமை மனத்தைத் தெளிவிக்கவும் கூடும். எனினும் கத்தரிக்கோலை எடுத்த கணத்தில்தானா அவ்விம்சை தோன்றியது? படம் காரணம் எதையும் கூறவில்லை. மகன் தாயை அடித்ததில்லை, வைததில்லை. உடனிருந்தும் அவளைக் காணவில்லை, அவ்வளவே. பிறர்க்குத் தீங்கு செய்யாதிருத்தல் மட்டுமே அறமாகிவிடுமா என்று நாம் எண்ண வேண்டிய இடம் இதுவே.

நம் இல்லங்களிலும் ஓயாது உழைப்பவர் உண்டு. அவரைப் பொறுப்பானவர் எனப் புகழ்ந்து நம் வேலையைப் பார்க்கச் சென்றுவிடுகிறோம். அந்த ஓயாமை ஆர்வத்தால் வந்ததா, சும்மா இருக்க அஞ்சுவதால் வந்ததா என்று நாம் வினவுவதில்லை. அதனை அறிவதற்கு மூன்று மணி நேரத் திரைப்படம் தேவையில்லை. உணவு வேளையில் புத்தகத்தை மூடிவைத்து, எதிரே இருப்பவர் பேசுவதைக் கேட்டாலே போதும்.