பலன் யாரைச் சேரும்?

ஒருவர் தன் இளமை முழுவதையும் ஒரு வித்தைக்குக் கொடுக்கிறார். பயிற்சியில் குறை வைக்கவில்லை, ஒழுக்கத்திலும் குறை வைக்கவில்லை. ஆனாலும் உச்சியை எட்டாமல் பாதி வழியிலேயே நின்றுவிடுகிறார். அவர் பட்ட பாடெல்லாம் வீண்தானா? திருக்குறளின் அறத்துப்பால் ‘ஊழ்’ என்ற அதிகாரத்தோடு முடிகிறது. ஊழைவிட வலியது எதுவுமில்லை என்பது அதன் தீர்ப்பு. பொருட்பாலில் வரும் ‘ஆள்வினையுடைமை’ அதிகாரமோ, சோராமல் உழைப்பவர் அந்த ஊழையே தோற்கடிக்கலாம் என்று நம்பிக்கை தருகிறது. கீதையின் இரண்டாம் அத்தியாயம் செயலில் மட்டும் உரிமை கொள், பலனில் வேண்டாம் என்கிறது. வெலிமடை முதல் அப்புத்தளை வரையுள்ள தேயிலைத் தோட்டங்களில் இது வெறும் ஏட்டுக் கேள்வியாக இருந்ததில்லை. எட்டாமற்போன எதையும் ‘தலையெழுத்து’ என்ற ஒரே சொல்லில் அடக்கிவிடும் பழக்கம் அங்கே ஊறிப்போயிருக்கிறது. பலனை விடுவது என்றால் ஆசையைக் கொன்றுவிடுவது என்று பொருள் கொள்வதால் வரும் வினை இது. பலன் வேண்டும், ஆனால் அது என் கையில்தான் விழ வேண்டும் என்ற பிடிவாதம் வேண்டாம்: கீதையின் சொல்லை இப்படிப் புரிந்துகொள்வதே சரி. இதற்குச் சான்றாக நிற்பவர்கள், நடுத்தர ஆட்டக்காரர்களாக இருந்து பயிற்றுவிப்பாளர்களானவர்கள்.

டேவ் வட்மோர் 1954இல் கொழும்பில் பிறந்து, சிறுவயதிலேயே குடும்பத்தோடு அவுஸ்திரேலியா சென்றவர். அந்நாட்டுக் கிரிக்கெட் அணிக்காக அவர் ஆடியவை 7 டெஸ்ட் போட்டிகளும் ஒரேயொரு ஒருநாள் போட்டியும்தான். முன்னணி வீரர்கள் கெரி பெக்கரின் தனியார் தொடருக்குப் போயிருந்த காலத்தில் திறந்த கதவு அது. அவர்கள் திரும்பி வந்ததும் மூடிக்கொண்டது. ஆட்டக்காரராக அவரை எடைபோட்டால் கணக்கு அத்தோடு முடிந்துவிடும். ஆனால் 1996 மார்ச் 17ஆம் திகதி லாகூரில் அர்ஜுன ரணதுங்க உலகக் கிண்ணத்தை ஏந்தியபோது, இலங்கை அணியின் பயிற்றுவிப்பாளர் அவரே. இறுதிப் போட்டியில் சதம் அடித்தது அரவிந்த டி சில்வா. முதல் 15 ஓவர்களிலேயே அடித்தாடித் தொடரின் போக்கை மாற்றியவர்கள் ஜயசூரியவும் களுவிதாரணவும். ஓட்டப் பட்டியலில் வட்மோரின் பெயர் எங்கும் இல்லை. தனக்கு வாய்க்காத வெற்றியை அவர் விரும்பாமல் இருந்திருந்தால், அதை இன்னொருவருக்கு வாய்க்கச் செய்யும் நுணுக்கத்தைத் தேடியிருக்கவும் மாட்டார்.

இது கிரிக்கெட்டுக்கு மட்டும் உரியதன்று. பனித்தரையில் ஆடும் ஐஸ் ஹொக்கியில், கனடாவின் ஜரட் பெட்னார் வட அமெரிக்காவின் தலையாய தொடரான என்எச்எல்லில் ஒரு போட்டிகூட ஆடியதில்லை. கீழ்நிலைத் தொடர்களில் ஊர் ஊராக மாறி ஆடி ஓய்ந்தவர். பயிற்றுவிப்பாளராகக் கொலராடோ அணியைப் பொறுப்பேற்ற முதல் பருவத்தில், 2016-17இல், அணி தொடரின் கடைசி இடத்துக்குப் போனது. 2022இல் அதே அணி ஸ்டான்லி கிண்ணத்தை வென்றது. நமக்கு இன்னும் அருகில் கண்டியில் ஒரு சான்று உண்டு. புனித அந்தோனியார் கல்லூரியில் மிதவேகமாகப் பந்து வீசிக்கொண்டிருந்த 14 வயதுச் சிறுவன் ஒருவனைச் சுழற்பந்துக்கு மாறச் சொன்னார் பயிற்றுவிப்பாளர் சுனில் பெர்னாண்டோ. தேயிலைத் தோட்டத்துக்கு உழைக்க வந்த ஒருவரின் பேரனான அந்தச் சிறுவன்தான் முத்தையா முரளிதரன். 2010இல் காலியில் 800ஆவது விக்கெட்டோடு அவர் டெஸ்ட் ஆட்டத்திலிருந்து விடைபெற்றார். பாடசாலை மைதானத்தில் சொல்லப்பட்ட அந்த யோசனை எந்தப் புள்ளிவிபரத்திலும் பதிவாவதில்லை.

பயிற்றுவிப்பாளரும் பலனைத் தேடுபவர்தானே, மாணவன் வழியாகப் புகழைப் பின்கதவால் வாங்கிக்கொள்கிறாரே என்று கேட்கலாம். அந்த ஆபத்து மெய்யானது; மகாபாரதமே அதைக் காட்டுகிறது. பிறப்பைச் சொல்லி ஏகலைவனுக்குக் கற்பிக்க மறுத்த துரோணர், அவன் தானாகக் கற்றதற்கும் கட்டைவிரலைக் கேட்டு வாங்கினார். கற்பிப்பதையே கடனாக்கி வட்டியோடு வசூலிக்கும் ஆசானின் உருவம் அது. ஆனால் துரோணரை நாம் குற்றம் சொல்ல முடிவதற்கே, வேறு வகை ஆசான் ஒருவர் இருக்க முடியும் என்ற நம்பிக்கை வேண்டும். மாணவன் தன்னைத் தாண்டிப் போகும்போது கலங்குகிறாரா, மகிழ்கிறாரா என்பதே உரைகல். பலனை விட்டவருக்கும் விடாதவருக்கும் உள்ள வேறுபாடு அங்கே தெரிந்துவிடும்.

இன்னொரு மறுப்பு: இங்கே சொன்னவர்கள் எல்லாரும் கடைசியில் ஏதோ ஒரு வெற்றியைக் கண்டவர்கள், எதையும் காணாமலே போகும் எண்ணற்ற பயிற்றுவிப்பாளர்களின் கதி என்ன? இந்தியாவின் கேரளக் கிரிக்கெட் அணியைப் பாருங்கள். வட்மோர் பயிற்றுவித்த காலத்தில் அது உள்நாட்டுத் தொடரான ரஞ்சிக் கிண்ணத்தில் முதன்முறையாகக் காலிறுதியையும், அடுத்த பருவத்தில் அரையிறுதியையும் எட்டியது. முதன்முறையாக இறுதிப் போட்டிக்குப் போனதோ 2024-25இல். அப்போது பயிற்றுவிப்பாளர் அமய் குராசியா, இந்தியாவுக்காக 12 ஒருநாள் போட்டிகள் மட்டுமே ஆடியவர். அவர் காலத்திலும் கிண்ணம் கைகூடவில்லை. ஒருவர் கொண்டுவந்து விட்ட இடத்திலிருந்து இன்னொருவர் எடுத்துச் செல்கிறார். அந்தச் சங்கிலியில் எந்தக் கண்ணிக்கு வெற்றி அகப்படும் என்பதைத்தான் ஊழ் தீர்மானிக்கிறது. கண்ணிகள் இல்லாமற்போனால் ஊழுக்கும் அங்கே வேலையில்லை. குறளின் இரண்டு அதிகாரங்களையும் முரணின்றிப் படிக்க இது ஒரு வழி.

மிகக் கடுமையான மறுப்பு தோட்டத்திலிருந்து வருவது. பலனை எதிர்பார்க்காதே என்ற போதனை, பலன் பறிக்கப்பட்டவர்களிடம் சொல்லப்படும்போது அநீதிக்குத் துணைபோகிறது. 1948இன் சட்டத்தால் குடியுரிமையை இழந்து, 2003வரை முழுத் தீர்வுக்குக் காத்திருந்த மலையகத் தோட்ட மக்களுக்குத் துறவு சொல்லிக்கொடுக்க யாருக்கும் தகுதி கிடையாது. இந்த மறுப்பை நான் முழுமையாக ஏற்கிறேன். ஏற்பதால் என் வாதம் தெளிவடையவே செய்கிறது. தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டுபவரை எண்ணிப் பாருங்கள். அவர் கத்தி பட்ட செடி உடனே கொழுந்து தராது. பிறகு துளிர்க்கும்போது அது வேறொருவர் கூடைக்குப் போகிறது. அதற்காக அவருக்கு அன்றைய கூலிக்கான பேர் போடாமல் விடலாமா? அரைப்பேர் போட்டு அனுப்பலாமா? கூலி வேறு, பலன் வேறு. கூலி செய்த வேலைக்கு உரியது, அதைக் கேட்டு வாங்குவது அறம். பலன் வேலையைத் தாண்டி விளைவது. அதை விட்டுக்கொடுக்கும் உரிமை உழைத்தவருக்கு மட்டுமே உண்டு. அவர் மனமுவந்து விட்டால் அது தியாகம். பிறர் எடுத்துக்கொண்டால் அது களவு. கீதையைச் சொல்லிக் களவை மறைப்பவர், கீதையையும் தவறாகப் படிக்கிறார்.

ஆகவே நமக்கு இரண்டு கடமைகள் உண்டு. சமதரை கிடைப்பதே அரிதான ஊவாவின் மலைச்சரிவுகளில், தோட்டப் பாடசாலைப் பிள்ளைகளுக்குத் திறமைக் குறைவைவிடப் பெரிய குறை, திறமையைக் கண்டு சொல்ல ஓர் ஆள் இல்லாததுதான். மாவட்ட மட்டத்தோடு நின்றுபோன ஓட்டக்காரர், தேசிய அணித் தெரிவில் தவறிய கரப்பந்தாட்டக்காரர் ஆகியோரின் அனுபவம் அந்தப் பிள்ளைகளுக்குச் சேர வேண்டிய சொத்து. அதைத் ‘தோல்வி’ என்று பூட்டி வைக்காமல் மைதானத்துக்குக் கொண்டுவருவது அவர்களின் கடமை. அவர்களைச் சேவை என்ற பெயரில் வெறுங்கையோடு வேலை வாங்காமல், உரிய சம்பளத்தோடு நியமிப்பது கல்வித் திணைக்களத்தின் கடமை. இரண்டாவது கடமை நிறைவேறாத இடத்தில் முதலாவதைப் போதிக்க நமக்கு உரிமையில்லை. இரண்டும் நிறைவேறும் இடத்தில், எட்டாத உச்சிக்காக உழைத்த எவருடைய உழைப்பையும் வீண் என்று சொல்லவும் உரிமையில்லை.