மூன்றாம் பிறையின் கணக்கு

கோலார் தங்கவயலில் சாய்வாக இறங்கும் ஷாஃப்ட்டின் ஆழத்தைச் சர்வேயர்கள் சாய்வுக் கோணத்தின் கோசைனை வைத்துத்தான் கணக்கிட்டார்கள். 2001இல் மூடப்பட்ட அந்தச் சுரங்கங்களில் சாம்பியன் ரீஃப் 3 கிலோமீட்டருக்கும் அதிக ஆழம். கயிறு விட்டு அளக்கிற சங்கதியா அது? பூமிக்கடியில் உதவிய அதே கோசைன் நிலவுக்கும் பொருந்தும்.

வானில் சூரியனுக்கும் நிலவுக்கும் இடையே உள்ள கோணம் 12 பாகை கூடினால் ஒரு திதி. 1இலிருந்து அந்தக் கோணத்தின் கோசைனைக் கழித்து இரண்டால் வகுத்தால், நிலவின் முகத்தில் ஒளிரும் பங்கு கிடைக்கும். பிரதமை முடிவில் வெறும் 1 சதவீதம். அது யார் கண்ணில் படும்? திரிதியை முடிவில், 36 பாகையில், ஏறத்தாழ 10. பாட்டிமார் மூன்றாம் பிறைக்குக் காத்திருந்தது சும்மா இல்லை. அஷ்டமியில்தான் வேகம்: அந்த ஒரு திதியிலேயே 10 சதவீதம் கூடிவிடும். அப்புறம் மறுபடி மந்தம். சதுர்த்தசி முடிவிலேயே 99 சதவீதம். தங்கவயலின் ராபர்ட்சன்பேட்டையில் ஒரு மொட்டைமாடியில் நின்று, பௌர்ணமி நாளைக்குத்தான் என்று சொல்லிப் பாருங்கள், பஞ்சாங்கத்தைக் கொண்டு வா என்பார்கள்.