யாருடைய ஆதாயம்?

கிரேக்க மொழியில் ‘அமரான்டோஸ்’ என்றால் வாடாதது என்று பொருள். பேதுருவின் முதல் திருமுகம் விண்ணக உரிமைப்பேற்றைப் பற்றிப் பேசுமிடத்தில் அதன் மூலத்தில் இச்சொல்லே நிற்கிறது. நம் வீட்டுத் தண்டுக்கீரைக்குத் தாவரவியலார் இட்ட பெயரும் இதிலிருந்து வந்ததே. 2000ஆம் ஆண்டில் நிக்கோலஸ் மௌனிஸ் என்பார் தாம் தொடங்கிய முதலீட்டு நிறுவனத்திற்கு ‘அமராந்த்’ என்று பெயர் சூட்டினார். அலுவலகம் அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில். நிதியமோ கேமன் தீவுகளில் பதிவு பெற்றது. ஏறத்தாழ 900 கோடி டாலர் வைத்திருந்த அந்நிதியம், 2006 செப்டம்பரில் சில நாள்களுக்குள் 600 கோடியளவு இழந்து வாடியது.

இழந்தது இயற்கை எரிவாயு வாணிபத்தில். வாயுவை வாங்கி விற்றதில் அன்று, அதன் வருங்கால விலையின்மீது கட்டிய பந்தயத்தில். 2005இல் இப்பந்தயம் பெருவெற்றி தந்திருந்தது. கத்ரீனா, ரீட்டா புயல்கள் மெக்சிகோ வளைகுடாவின் கிணறுகளை முடக்க, விலை ஏறிற்று. நியூ ஆர்லியன்ஸ் நீரில் மூழ்கிய அதே நாள்களில் நிறுவனத்தின் கணக்கு நிறைந்தது. மறு ஆண்டு, குளிர்கால விலைக்கும் அதற்குப் பின்வரும் ஏப்ரல் விலைக்கும் இடையேயுள்ள வேறுபாடு விரியும் என்று நம்பி, கால்கரி நகரிலிருந்து வணிகம் நடத்திய பிரையன் ஹண்டர் மேலும் மேலும் வாங்கினார். நியூயார்க் சந்தை, ‘குறைத்துக்கொள்க’ என்றபோது, வரம்பு விதிக்காத மற்றொரு மின்னணுச் சந்தைக்கு ஒப்பந்தங்கள் மாற்றப்பட்டன. அவ்வாண்டு புயல் வரவில்லை.

விளைச்சலுக்கு முன்பே விலை பேசுவது தீதன்று. உழவனும் ஆலை நடத்துவோனும் அதனால் நிம்மதியாக உறங்குகின்றனர். ஆயின் ஒருவரே சந்தையை நிறைத்து நிற்கும்போது விலை யாருக்கு உண்மை சொல்லும்? ஜார்ஜியா மாநிலத்து நகராட்சிகளுக்காக எரிவாயு வாங்கும் அமைப்பு, அந்தக் கோடையின் உயர்ந்த விலையில் குளிர்காலத்திற்கு ஒப்பந்தம் செய்து, 1.8 கோடி டாலர் கூடுதலாகச் செலுத்த நேர்ந்ததாக அமெரிக்க செனட் துணைக்குழுவின் 2007ஆம் ஆண்டு அறிக்கை கூறுகிறது. அடுப்பெரிக்கும் இல்லங்களே அச்சுமையைத் தாங்கின.

இங்கே நம் உள்ளத்தை உறுத்துவது ஹண்டரின் துணிச்சலன்று. அவரைப் பழிப்பது எளிது. சான் டியேகோ மாவட்ட ஊழியர்களின் ஓய்வூதிய நிதி, அமராந்தில் 17.5 கோடி டாலர் இட்டிருந்தது. எழுத்தர்களும் காவலர்களும் மாதந்தோறும் சேர்த்த பணம் அது. அவர்களுள் எவரும் புயல் வேண்டுமென்று மன்றாடியிருக்க மாட்டார்கள். ஆனால் அவர்களது பணம் மேகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது.

கடனுக்கு வட்டி வாங்குவதைக் கண்டித்த புனித தாமஸ் அக்குவினாஸ், வணிகனிடம் கூட்டாகப் பணம் ஒப்படைப்பவனின் ஆதாயத்தை ஏற்றுக்கொண்டார். காரணம், அப்பணம் வணிகன் கைக்குச் சென்ற பின்னும் ஒப்படைத்தவனுடையதாகவே இருக்கிறது. இழப்பின் அச்சமும் அவனுடையதே. 13ஆம் நூற்றாண்டின் இவ்வாதத்தை நாம் இன்னும் ஓரடி முன்னெடுத்துச் செல்ல வேண்டாமா? பணம் என்னுடையதாகவே இருக்கிறதென்றால், அது செய்யும் செயலும் ஓரளவு என்னுடையதே. ஆதாயத்திற்கு உரிமையாளராகவும், செயலுக்கு அயலாராகவும் நாம் இருக்கவியலாது. ‘எங்களுக்குத் தெரியாது’ என்பது பெரும்பாலும் உண்மையே. ஆயினும் கேட்டிருந்தால் தெரிந்திருக்கும் என்பதும் உண்மை. நல்ல வட்டி வரும்போது எவரும் கேட்பதில்லை. நாமும் கேட்டதில்லை.

அவ்வோய்வூதிய நிதி 2007இல் வழக்குத் தொடுத்தது. இடர்களைக் குறித்துத் தன்னை ஏமாற்றிவிட்டார்கள் என்பது அதன் முறையீடு. இடர் மிகுந்த முதலீடு என்று எழுதிய தாள்களில் அந்நிதியே ஒப்பமிட்டிருந்தது. 2010இல் நியூயார்க் நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்தது. முறையீடு முழுவதும் இழப்பைப் பற்றியதே. 2005ஆம் ஆண்டின் ஆதாயம் எங்கிருந்து வந்தது என்பது அவ்வழக்கில் எழவே இல்லை.