முந்திரிகையும் பனையும்: ஓர் அறவியல் நோக்கு

அழகியதோர் இடத்திலே ஆக்கப்படும் பொருளை, அவ்விடத்தின் அழகு காரணமாகவே நல்லதென ஏற்றுக்கொள்வது முறையாகுமா? அழகு வேறு, நன்மை வேறு என மெய்யியலாளர் பலர் வகுத்துக் கூறியுள்ளனர். ஆயினும் நடைமுறை வாழ்வில் மனிதர் அவ்வாறு வகுத்துப் பார்ப்பதில்லை. இதனை உணர்வதற்கு மேலைநாட்டு நூல்களை மட்டும் துணைக்கொள்ள வேண்டியதில்லை. தெல்லிப்பழைச் சந்தியிலிருந்து புறப்பட்டு அயற்கிராமங்களை ஒருமுறை சுற்றிவந்தாலும் போதுமானது.

வைன் என்றதும் பிரான்சு தேசத்து மலைச்சரிவுகளும் ரைன் நதிக்கரையுமே படித்தோர் மனத்தில் தோன்றுவன. வலிகாமத்திலோ மலையுமில்லை, நதியுமில்லை. சுண்ணக்கற் பாறையின்மேற் படிந்த செம்மண்ணும், அப்பாறையைக் குடைந்து தோண்டிய கிணறுகளுமே இப்பிரதேசத்தின் செல்வம். புகையிலைக்கும் வெங்காயத்துக்கும் பேர்போன இம்மண்ணில், இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில், நீரிறைக்கும் இயந்திரத்தின் துணையுடன் முந்திரிகைச் செய்கை பரவியது. தமிழகத்தார் முந்திரி என்றால் கொட்டையைக் கருதுவர். ஈழத்தார் முந்திரிகை என்பது திராட்சையை. (இச்சொல் வேறுபாட்டினால் விருந்தினர் ஏமாறுவதும் உண்டு.) தூண்கள் நட்டு, கம்பி இழுத்து, ஆள் நிமிர்ந்து நடக்கத்தக்க உயரத்தில் பந்தலிடுவர். அதன்மேற் படரும் கொடியிலிருந்து கருநீலக் குலைகள் தலைக்குமேலே தொங்கும். வெளியே வெயில் கொளுத்தும் வேளையிலும் பந்தலின்கீழ் பச்சை நிழலும் ஈரமண் வாசனையும் இருக்கும். கொழும்பிலிருந்தும் பிறநாடுகளிலிருந்தும் வருவோர் இதனைக் கண்டு வியப்பதிற் புதுமையில்லை.

இவ்வழகு தானாக வந்ததன்று. குளிர்நாடுகளிற் பனிக்காலம் கொடிக்கு ஓய்வளிக்கிறது. இங்கே பனிக்காலம் இன்மையால் அவ்வோய்வைக் கமக்காரனே கத்தியினால் அளிக்கவேண்டியுள்ளது. நீர்விடுவதைக் குறைத்து, இலைகளைக் களைந்து, கிளைகளைக் கத்தரித்துவிட்டால் புதிய தளிரும் பூவும் அரும்பும். ஏறக்குறைய நான்கு மாதத்திற் பழம் கனியும். கத்தரித்த வாரத்தில் வரும் பயணி வெறுங் குச்சிகளையும் கம்பிகளையும் மட்டுமே கண்டு ஏமாந்து திரும்புவார். பூஞ்சண நோய்க்கு மருந்து தெளிக்கும் நாளில் வருபவரும் பந்தலின்கீழ் நெடுநேரம் நிற்கமாட்டார்.

இத்தோட்டங்களின் பழம் பெரும்பாலும் உண்பதற்கே விற்பனையாகிறது. வைன் வடிப்பது துறவியர் மடங்களின் பணியாகவே வளர்ந்தது. தெல்லிப்பழைக்குக் கிழக்கே, வசாவிளானை அடுத்த தோலகட்டியில், 1928ஆம் ஆண்டு தோமஸ் அடிகளார் செபமாலைத் தாசர் சபையை நிறுவினார். மௌனமும் இடையறாச் செபமும் நோன்பும் உடலுழைப்புமே அச்சபையாரின் வாழ்க்கைமுறை. தோலகட்டி நெல்லிரசமும் வைனும் யாழ்ப்பாணத்தில் மதபேதமின்றி அறியப்பட்டவை. யாழ் நகரில் கொழும்புத்துறை வீதியில் உள்ள அச்சபையின் கன்னியர் மடத்திலே கறுவாவும் கராம்பும் சேர்த்து ஆக்கப்படும் ரொசெற்றோ என்னும் இனிப்பு வைனைத் தேடி வெளிநாட்டுப் பயணிகள் செல்வதுண்டு. சைவ ஆசாரம் மிக்க குடும்பங்களிலும் இவற்றை வாங்கி வருவதை எவரும் இழுக்காக எண்ணுவதில்லை.

இங்கேதான் அறவியல் வினா எழுகிறது. அதே தெல்லிப்பழையில், முந்திரிகைத் தோட்டத்து வேலிக்கு அப்பாலேயே பனைகள் நிற்கின்றன. காலையும் மாலையும் தளைநாரைக் காலில் மாட்டி, இடையிற் பாளைக்கத்தியைச் செருகி, அறுபது எழுபது அடி உயரத்துக்கு ஒருவன் ஏறி இறங்குகிறான். முட்டியிற் சுண்ணாம்பு தடவினால் அவன் இறக்குவது கருப்பநீர், தடவாவிடிற் கள். பழச்சாற்றை வைனாக்குவதும் பனஞ்சாற்றைக் கள்ளாக்குவதும் நொதித்தல் என்னும் ஒரே இயற்கைச் செயலே. ஆயினும் முந்திரிகைப் பந்தலைக் காட்டப் பிள்ளைகளை அழைத்துச் செல்லும் தந்தை, தவறணையைக் கடக்கும்போது அவர்கள் முகத்தை மறுபுறம் திருப்புகிறார்.

தமிழ் மரபு இவ்வேறுபாட்டுக்கு இடந்தருகிறதா என்று நோக்கினால் விடை தெளிவாகவே உள்ளது. யவனர் கொணர்ந்த தேறலைப் பாண்டியன் பொற்கலத்தில் அருந்தியதும், அதியமான் ஒளவையோடு கள்ளைப் பகிர்ந்துண்டதும் ஒரே புறநானூற்றிற்றான் உள்ளன. அரிக்கமேட்டில் 1945ஆம் ஆண்டு அகழ்வில் வெளிப்பட்ட மத்தியதரைக்கடல் நாட்டுச் சாடிகள் அவ்வாணிகத்துக்குச் சான்று. பின்வந்த வள்ளுவரோ கள்ளுண்ணாமை என ஓர் அதிகாரமே வகுத்து, அறிவு மயங்குதலையும் நாண் நீங்குதலையும் கண்டித்தார். அது பழத்தில் வடித்ததா, பாளையில் வடித்ததா என்ற வினா அவருக்கு எழவில்லை. ஆகவே முன்னையோர் இரண்டையும் ஏற்றனர். வள்ளுவர் இரண்டையும் மறுத்தார். ஒன்றை ஏற்று மற்றதை மறுக்கும் வழக்கத்துக்கு வேறெங்கோதான் வேர் தேடவேண்டும்.

நோக்கத்திலேயே வேறுபாடுள்ளது எனச் சிலர் வாதிடலாம். திருப்பலிப் பீடத்தில் வைக்கப்படும் வைனும், கூலியை வாங்கிய கையோடு குடிக்கும் கள்ளும் ஒன்றாகா என்பர். இவ்வாதத்தில் உண்மையுண்டு, ஆனால் பயணி வாங்கிச்செல்லும் போத்தல் பீடத்துக்குப் போவதில்லையே. தவறணை குடும்பங்களைக் கெடுக்கிறது என்ற வாதம் இதனிலும் வலியது. 1816இல் தெல்லிப்பழையில் வந்திறங்கிய அமெரிக்க மிசனரிமார் முதல் இருபதாம் நூற்றாண்டின் மதுவிலக்கு இயக்கத்தினர் வரை பலர் இதனையே எடுத்துரைத்தனர். அடிபட்ட மனைவிக்கும் பசித்த பிள்ளைக்கும் அது வாதமன்று, அன்றாட அனுபவம். அதனை எள்ளளவும் குறைத்து மதிப்பிடலாகாது. ஆனால் அக்கேட்டைச் செய்வது மதுவேயாயின், வெறுப்பு மதுவளவில் நின்றிருக்க வேண்டும். யாழ்ப்பாணத்தில் அது மரத்தில் ஏறியவன்மீது பாய்ந்தது. கருப்பநீரும் பனங்கட்டியும் தந்த அதே கையைத் தீண்டத்தகாததென்றது. தெல்லிப்பழைக்கு அண்மையிலுள்ள மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயிலின் வாயிலில், 1968ஆம் ஆண்டில், ஒடுக்கப்பட்ட மக்கள் உள்ளே சென்று வழிபடும் உரிமை கேட்டு நின்றபோது அவர்கள் தடுக்கப்பட்டனர். தடுத்தவர் எவரும் அவர்களது வாயில் மதுவாடை வீசுகிறதா எனச் சோதித்துப் பார்க்கவில்லை.

ஜெர்மன் மெய்யியலாளர் கான்ற் 1790இல் வெளியிட்ட நூலில் ஓர் அரண்மனையை எடுத்துக்காட்டாகத் தருகிறார். மக்களின் வியர்வையை வீண் ஆடம்பரத்திற் செலவிட்ட பெரியோரைக் கண்டிக்க ஒருவருக்கு உரிமையுண்டு. ஆயின் அரண்மனை அழகியதா என்று கேட்டால் அக்கண்டனம் அதற்கு விடையாகாது என்பது அவர் கருத்து. அறக்கண்டனம் அழகுணர்ச்சிக்குள் நுழையாதவாறு அவர் வேலியிட்டார். தெல்லிப்பழையிற் காணப்படுவதோ இதற்கு மறுதலையான நுழைவு. இங்கே அழகு அறத்தின் வளவுக்குள் புகுந்து மன்னிப்பு வழங்குகிறது. பந்தல் அழகியது, ஆகவே அதன்கீழ் விளைவது தூயது. தவறணை ஓலைக் கொட்டில், ஆகவே அங்கு குடிப்பவன் இழிந்தவன். எது அழகு என்பதை வகுத்தவர் யார் என்ற வினாவை ஒருவரும் எழுப்புவதில்லை. போத்தலின் விலையும் பிளாவின் விலையும் அவ்வினாவுக்குச் சிறிது வெளிச்சம் தரலாம்.

இம்மயக்கம் யாழ்ப்பாணத்துக்கு மட்டும் உரியதன்று. மகாராட்டிரத்து நாசிக் ஒருகாலத்தில் கோதாவரிக் கரை யாத்திரைத் தலமாகவே அறியப்பட்டது. 1999இல் சூலா நிறுவனம் தோன்றியபின், வைன் சுவைக்கும் பயணிகளும் அங்கு திரளலாயினர். தமிழகத்துக் கம்பம் பள்ளத்தாக்கிலோ பன்னீர்த் திராட்சை பெருக விளைந்தும் அது பழத்துக்கே பெயர்பெற்றது. அங்கும் கள்ளிறக்குவோன் சட்டத்துக்கு அஞ்ச, வைன் கடையில் விலைபோகிறது.

அழகின் மயக்கம் பனையேறியை மட்டும் மறைப்பதில்லை. 1990இல் வலிகாமம் வடக்கு மக்கள் ஊரைவிட்டு ஓடினர். தோலகட்டி உட்பட அவர்களது நிலம் உயர்பாதுகாப்பு வலயத்துள் அடங்கிற்று; துறவியரும் இடம்பெயர்ந்தனர். நீரின்றிக் கொடிகள் கருகின. எரிபொருட்டடை நிலவிய ஆண்டுகளில், வலயத்துக்கு வெளியேயும் இயந்திரம் இறைக்க மண்ணெண்ணெய் இல்லை. 2009இற் போர் முடிந்தபின் காணிகள் பகுதிபகுதியாக விடுவிக்கப்பட்டன. எஞ்சியவற்றுக்காக உரிமையாளர் இன்னும் காத்திருக்கின்றனர். இன்று இப்பகுதியிற் பந்தலொன்றின்கீழ் நின்று படம் எடுக்கும் பயணி, அடுத்த வளவிலுள்ள கூரையற்ற வீட்டைச் சட்டத்துக்குள் வராதபடி ஒதுக்கிவிடுகிறார். அவரைக் குறைகூறுவதிற் பயனில்லை. அவர் இளைப்பாற வந்தவர். ஆனால் அவரை அழைத்து வந்த உள்ளூரவரும் அவ்வீட்டைக் காட்டாது விடுவது சிந்திக்கத்தக்கது.

அண்மைக்காலத்தில் ஒரு மாற்றம் தென்படுகிறது. பயணிகளுட் சிலர் பனையேறுவதையும் காண விரும்புகின்றனர். ஓலைப் பிளாவிற் கள்ளருந்துவதைப் புதியதோர் அனுபவமாகக் கருதுகின்றனர். அந்நியர் அழகெனக் கண்டபின் உள்ளூராரும் பனையடியை அவ்வளவு வெறுப்பதில்லை. ஒதுக்கப்பட்ட தொழில் இவ்வாறு மதிப்புப் பெறுவதை நன்றென்றே கொள்ளலாமா? கொள்ளலாம், ஓரளவுக்கு. ஆனால் முன்னர் கொட்டிலைக் கண்டு அவனை இழிந்தவனென்ற அதே கண்ணே இப்போது அந்தி வானத்தின் பின்னணியில் அவனை அழகனென்கிறது. இரு வேளையும் அவனிடம் ஒன்றும் கேட்கப்படவில்லை. 1970களில் மரவரி முறை நீங்கிச் சீவல் தொழிலாளர் கூட்டுறவுச் சங்கங்கள் அமைந்தபோது அவர்கள் கேட்டவை வேறு: இறக்கியதற்கு நியாய விலை, விழுந்தால் மருத்துவச் செலவு, ஏறமுடியாத வயதில் ஓர் உதவித்தொகை.

படம் எடுத்தவர்கள் வாகனத்தில் ஏறிச் சென்றபின் அவன் அடுத்த பனையில் தளைநாரை மாட்டுகிறான். இருட்டுவதற்குள் இன்னும் சில மரங்கள் உள்ளன.