ஐம்பது வயதுக்காரரைக் கேட்டீர்களா?

வல்லத்திராக்கோட்டையில் முப்பது வயதுக்காரர் ஒருவர் வீடு கட்டுகிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். 20 லட்சம் கடன், எட்டரை சதவிகித வட்டி, 20 வருஷம். மாதத் தவணை சுமார் 17,350 ரூபாய். 'சமாளிச்சுடலாம் சார்' என்பார்.

முதல் தவணையில் 14,167 ரூபாய் வட்டிக்கே போய்விடும். பத்து வருஷத்தில் கிட்டத்தட்ட 21 லட்சம் கட்டியிருப்பார். அசலில் இன்னும் 14 லட்சம் பாக்கி நிற்கும்! முடிக்கும்போது கட்டிய தொகை 41 லட்சத்தைத் தாண்டியிருக்கும். (கம்பி, சிமென்ட்டில் பேரம் பேசி நூறு, இருநூறு மிச்சம் பிடித்தது தனிக்கதை.)

எனக்கு உறுத்துவது பணம்கூட இல்லை. கையெழுத்துப் போடுவது முப்பது வயது ஆள். கட்டி முடிக்கப்போவது ஐம்பது வயது ஆள். அவருக்கு அப்போது முதுகுவலி இருக்கலாம், வேலையே வெறுத்துப்போயிருக்கலாம். அவரை யார் கேட்டார்கள்?

2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4-லிருந்து 6.5 சதவிகிதமாக ஏற்றியது. பலருக்குத் தவணை ஏறவில்லை, வருஷம் ஏறியது. சரியாகச் சொல்லாமலேயே! தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன் வாங்கியவரிடம் கேளுங்கள் என 2023 ஆகஸ்ட்டில்தான் வங்கிகளுக்கு உத்தரவு போனது.

வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் மூன்று வருஷத்துக்கு மேல் குறையும். போனஸ் வந்தால் முடியும்தான். ஆனால் நம்மாட்கள் மாடியில் இன்னொரு ரூம் போடத்தான் பார்ப்பார்கள்.