தைப் புநர்பூசம்: இழந்த செல்வம் மீண்ட நாள்

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

பொங்கலுக்கு மறுநாள் காஞ்சிப் பேரருளாளன் பார்வேட்டைக்குப் புறப்பட்டு, வாலாஜாபாத் வழியாகப் பழைய சீவரத்திற்கு எழுந்தருளுவது இப்பகுதி மக்கள் யாவரும் அறிந்த வைபவம். அந்நாள் கதிரவனின் நடையைக் கொண்டு கணக்கிடப்படுவது. அதே தைத் திங்களில், நக்ஷத்திரத்தைக் கொண்டு கணக்கிடப்படும் மற்றொரு நன்னாளும் உண்டு. அதுவே தைப் புநர்பூசம். ஆங்கிலத் தேதி ஆண்டுதோறும் மாறினும், சந்திரன் இருபத்தேழு நக்ஷத்திரங்களையும் சுற்றிவந்து தையில் புநர்பூசத்தை அடையும் நாள், அடியார்க்கு என்றும் அதே நாள்தான். அந்த ஒரே நாளில் இரண்டு பெருநிகழ்ச்சிகளை வைணவ உலகம் கொண்டாடி வருகிறது.

முதலாவது, எம்பார் திருவவதாரம். ஸ்ரீபெரும்புதூருக்கு அண்மையிலுள்ள மதுரமங்கலத்தில் அவதரித்த கோவிந்தர், 1017இல் அவதரித்த ராமாநுஜருக்குச் சிறிய தாயார் திருமகனார். இருவரும் யாதவப்பிரகாசரிடம் ஒருங்கே பயின்றனர். காசியாத்திரையில் ராமாநுஜரின் உயிருக்குச் சூழ்ந்த தீங்கைக் குறிப்பறிந்து உணர்த்தி, விந்திய வனத்தில் அவரைத் தப்புவித்தவர் கோவிந்தரே. அன்று வேடனும் வேடுவிச்சியுமாய் வந்து ராமாநுஜருக்கு வழித்துணையானவர்கள் பேரருளாளனும் பெருந்தேவித் தாயாருமே என்பர் பெரியோர். ஆயினும் காத்தவர் ஒரு வழியும், காக்கப்பட்டவர் ஒரு வழியுமாகப் பிரிந்தனர். கோவிந்தர் 'உள்ளங்கை கொணர்ந்த நாயனார்' என்னும் பெயருடன் காளத்தியில் சிவத்தொண்டில் ஈடுபட்டிருந்தார்.

தம்பியை மறவாத ராமாநுஜர், தம் இருவருக்கும் தாய்மாமனாகிய பெரிய திருமலை நம்பியிடம் விண்ணப்பித்தார். நம்பி ஆளனுப்பி அழைக்கவில்லை. தாமே காளத்திக்கு நடந்தார். ஒருமுறையோடு சலித்துத் திரும்பவுமில்லை. கோவிந்தர் மரத்தின்மேல் மலர் பறித்துக்கொண்டிருந்த வேளையில், அடியில் அமர்ந்து தம் சீடர்களுக்குத் திருவாய்மொழியின் பொருளை விரித்துரைத்தார். கடிந்து ஒரு சொல்லும் கூறினாரில்லை. கேட்டுக்கொண்டிருந்த கோவிந்தர் பூக்கூடையை எறிந்துவிட்டு இறங்கி வந்து நம்பியின் திருவடிகளில் வீழ்ந்தார். பின்னர் அவர் ராமாநுஜரிடமே சேர்ந்தார். துறவு பூண்டபோது ராமாநுஜர் 'எம்பெருமானார்' என்ற தம் திருநாமத்தையே அவருக்குச் சாற்ற, அத்தனையும் தமக்குத் தகாது என்று அடக்கத்தால் அதைச் சுருக்கி 'எம்பார்' என்று ஏற்றார். பராசர பட்டருக்கு ஆசாரியராய் விளங்கியவரும் இவரே.

இரண்டாவது, திருநாராயணன் வெளிப்பாடு. ராமாநுஜர் ஹொய்சள நாட்டில் தொண்டனூரில் எழுந்தருளியிருந்த காலத்தில் சாற்றிக்கொள்ளத் திருமண் இல்லாமற்போயிற்று. எம்பெருமான் கனவில் காட்டிய குறிப்பின்படி யாதவகிரிக்குச் சென்று காடு திருத்தியபோது, துளசி அடர்ந்த ஒரு புற்றினுள் திருநாராயணப் பெருமாள் மறைந்திருக்கக் கண்டார். பகுதானிய ஆண்டு, தைத் திங்கள், புநர்பூசம் என்று அந்நாளைப் போற்றி, மேல்கோட்டையில் இன்றும் உத்ஸவம் நடைபெறுகிறது. அத்தலத்து உத்ஸவரான ராமப்பிரியரையும் ராமாநுஜர் தில்லி வரை சென்று மீட்டுவந்தார் என்றும், வழியில் துணைநின்ற ஒடுக்கப்பட்ட மக்களைத் 'திருக்குலத்தார்' என்று பெயரிட்டுத் திருக்கோயிலுக்குள் வரும் உரிமையளித்தார் என்றும் வரலாறு கூறும். சக்கரவர்த்தித் திருமகன் ஆராதித்த மூர்த்தி ராமப்பிரியர் என்பது ஐதிஹ்யம். அச்சக்கரவர்த்தித் திருமகனின் ஜன்ம நக்ஷத்திரமும் புநர்பூசமே.

'புநர்' என்றால் மீண்டும். 'வஸு' என்றால் செல்வம். மீண்டும் கைவந்த செல்வம் என்பதே புநர்வஸு. ஓரிடத்தில் ஆசாரியன் இழந்த சீடனாய் வந்த எம்பார்; மற்றோரிடத்தில் உலகம் இழந்த இறைவனாய் மண்ணினின்று எழுந்த திருநாராயணன். இரண்டிலும் இழந்த பொருள் தானே திரும்பிவிடவில்லை. தேடிச் சென்றவர் ஒருவர் இருந்தார், அதனால் மீண்டது.

இழவு என்பது ஒவ்வோர் இல்லத்திலும் உண்டு. மனத்தாங்கலால் பேச்சற்றுப்போன உடன்பிறந்தார் உண்டு. ஒரகடத்தில் இரவுமுறை வேலைக்குச் சென்று, திருநாள்களில் கோயில் வாசலை மிதிக்க நேரமின்றி நாளடைவில் விலகிப்போன பிள்ளைகள் உண்டு. அவர்களைக் குறைகூறுவது எளிது. பெரிய திருமலை நம்பி குறைகூறவில்லை. மலையிறங்கிச் சென்று மரத்தடியில் காத்திருந்தார். விலகியவரிடம் விலகிய குற்றத்தைப் பேசாமல் எம்பெருமானின் இனிமையைப் பேசினார். திரும்பி வந்தவருக்கோ, ராமாநுஜர் தம் பெயரையே தந்தார். திரும்பி வந்தவரைப் பழைய கதை கேட்டு வாட்டுவது ஸ்ரீவைஷ்ணவ லக்ஷணமன்று.

தைப் புநர்பூசத்திற்கு அடுத்த நாள் பூசம். ராமாநுஜரின் 'தானுகந்த திருமேனி' ஸ்ரீபெரும்புதூரில் பிரதிஷ்டையான நாளாகிய குருபுஷ்யம் அதுவே. மதுரமங்கலத்தில் எம்பாரைச் சேவித்து, மறுநாள் பூதபுரியில் எம்பெருமானாரைச் சேவிக்கச் செல்லும் அன்பர்கள், பிரிந்துபோன ஒருவரையேனும் உடனழைத்துச் செல்வார்களாயின், புநர்வஸு என்னும் பெயர் அவரவர் இல்லத்திலும் பொருள் பெறும்.

எம்பார் திருவடிகளே சரணம்.
எம்பெருமானார் திருவடிகளே சரணம்.